ஆட்டோமேட்டிக் டைவ் வாட்ச் வாங்கப் போகிறீர்களா?

தினமும் கட்ட வேண்டும், தண்ணீருக்கும் தாங்க வேண்டும், விலையும் கட்டுப்படியாக வேண்டும் என்றால் இவற்றைப் பாருங்கள்.

1. ‘200 மீட்டர்’ என்று அச்சிட்டதை எடுங்கள். 30 மீட்டர் வாட்ச் நீர் தெறித்தால் தாங்கும், நீச்சலுக்கு ஆகாது.

2. திருகி மூடும் கிரௌன் இருக்கட்டும். சாவி கொடுக்கும் திருகு வழியேதான் தண்ணீர் எளிதில் புகும்.

3. டயலைச் சுற்றியுள்ள பெசல் வளையத்தைச் சுழற்றிப் பாருங்கள். ஒரு பக்கம் மட்டுமே திரும்ப வேண்டும். தவறி நகர்ந்தாலும் நீருக்குள் இருக்க மீதியுள்ள நேரத்தைக் கூட்டிக் காட்டாது.

4. உள்ளே எந்த மெஷின் என்று கேளுங்கள். சீகோவின் என்.எச்.35 என்றால் கையாலும் சாவி கொடுக்கலாம்; கழற்றி வைத்தாலும் சுமார் 41 மணி நேரம் ஓடும்.

5. கையில் கட்டிப் பாருங்கள். ஸ்ட்ராப் மாட்டும் முனைகள் மணிக்கட்டைத் தாண்டினால் சட்டைக் கையில் மாட்டும்.

6. சஃபையர் கண்ணாடி கிடைத்தால் விடாதீர்கள். சாதாரண மினரல் கண்ணாடியைவிட எளிதில் கீறல் விழாது.

7. இரவு 9 முதல் அதிகாலை 4 மணி வரை தேதியை மாற்றாதீர்கள். அப்போது தேதிச் சக்கரம் மாட்டியிருக்கும், பல் உடையலாம்.

8. கடலில் நனைந்தால் நல்ல தண்ணீரில் அலசுங்கள். உப்பு படிந்தால் பெசல் இறுகிவிடும்.