பழைய படமும் கைத்தொலைபேசியும்



மண்சரிவால் லயத்தையும் மரக்கறித் தோட்டத்தையும் விட்டு வந்தவர்களுக்கு மாலைப் பொழுது நீண்டது. 2014 ஒக்டோபர் 29இல் மீரியபெத்தை மண்ணுள் புதைந்தபோதும், 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் பதுளை மாவட்டத்தைத் தாக்கியபோதும் இதனை நாம் கண்டோம். வெளியே மழை, உள்ளே ஒரே கைத்தொலைபேசி, அதைச் சுற்றிப் பாட்டி முதல் பேரன் வரை. திரையில் பழைய சிவாஜி படமோ எம்.ஜி.ஆர். படமோ ஓடும். மனம் ஆறுவதற்கு அது உதவுகிறது. அதனைக் குறைகூற நாம் எழுதவில்லை. எனினும், படம் நம் கைக்கு எவ்வழியே வருகிறது என்று அறிந்திருப்பது நல்லது.

பார்ப்போம்

முகநூலிலும் யூரியூப்பிலும் உள்ள பழைய படங்கள் இரு வகை. ஒன்று, உரிமை பெற்ற நிறுவனங்கள் தாமே இலவசமாக இடுபவை. இடையில் வரும் விளம்பரமே அவற்றின் வருமானம். மற்றது, உரிமையில்லாதவர் இடுபவை. இவை பெரும்பாலும் பல துண்டுகளாக இருக்கும். காட்சி இடம் வலமாகப் புரண்டிருக்கும். குரல் சற்று மாறியிருக்கும். 2007 முதல் யூரியூப்பும் 2016 முதல் முகநூலும் உரிமையுள்ள படங்களைத் தாமாகவே ஒப்பிட்டுக் கண்டறியும் முறையை வைத்துள்ளன. அதற்குத் தப்பவே இத்தந்திரங்கள். இன்று பாதி பார்த்த படம் நாளை காணாமற் போவதும் இதனாலேயே.

சிந்திப்போம்

"பழைய படந்தானே, யாருக்கு நட்டம்?" என்று கேட்கிறோம். நம் நாட்டின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், திரைப்படத்துக்கு வெளியானதிலிருந்து 70 ஆண்டுகள் பாதுகாப்பு அளிக்கிறது. இந்தியாவில் அது 60 ஆண்டுகள். நாம் நட்ட போஞ்சியை வேறொருவர் பறித்துக் கெப்பட்டிப்பொல சந்தையில் விற்றால் பொறுப்போமா?

மறுபக்கமும் உண்டு. தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன் தயாரித்து நடித்த 'புதிய காற்று' 1975இல் வெளிவந்தது. தோட்டத் தொழிலாளரின் வாழ்வைச் சொன்ன படம் அது. 1983 ஜூலை வன்செயலில் இலங்கைத் தமிழ்ப் படச்சுருள்கள் பல எரிந்துபோயின. இத்தகைய படங்களுள் ஒன்றின் பிரதி எவரிடமேனும் இருந்தால், அது மறைந்துவிடக் கூடாது. உரியவரைத் தேடி, அனுமதி பெற்று, அதைப் பேணுவதே நேரிய வழி.

இன்னொன்று, நம் வீட்டையே தொடுவது. "முழுப் படத்துக்கு இங்கே அழுத்தவும்" என்ற இணைப்பு வேறிடத்துக்கு இட்டுச் சென்று, தொலைபேசி எண்ணையும், பிறகு குறுஞ்செய்தியில் வரும் இரகசிய இலக்கத்தையும் கேட்கலாம். படம் காட்ட எவருக்கும் அந்த இலக்கம் தேவையில்லை. வங்கியில் நிவாரணப் பணம் உள்ள குடும்பம் ஒரு நிமிடத்தில் அதை இழந்துவிடக்கூடும்.

செயற்படுவோம்

1. உரிமை பெற்ற நிறுவனத்தின் பக்கத்தில் படம் உள்ளதா என்று முதலில் தேடுவோம்.
2. கருத்துப் பகுதியில் வரும் இணைப்புகளை அழுத்த மாட்டோம். இரகசிய இலக்கத்தை எவருக்கும் சொல்ல மாட்டோம்.
3. காட்சித் தரத்தை 360இல் வைத்தால் மணிக்குச் சுமார் 300 எம்.பி. போதும். உயர் தரத்தில் அது ஒரு ஜி.பி.யையும் தாண்டும். ரீலோட் பணமும் உழைத்த பணமே.
4. உரிமையில்லாத படத்தை நாம் மீண்டும் பதிவேற்ற மாட்டோம். பொது மண்டபத்தில் காட்டுவதற்கு முன் அனுமதி கேட்போம்.

குழுவில் கலந்துரையாட

அ. நம் ஊர் மூத்தோர் எந்தப் படத்தை, எங்கே முதன்முதலில் பார்த்தார்கள்?
ஆ. இணைப்பை அழுத்தி ஏமாந்தவர் நம்மிடையே உண்டா? வெட்கப்படாமல் அதைச் சொல்ல அவருக்கு எப்படித் துணை நிற்கலாம்?
இ. நம் வாழ்வைக் காட்டிய படங்களைக் காக்க நாம் என்ன செய்யலாம்?