குடும்ப வழக்கில் ஜாமீன்: நோட்டீஸ் வந்த நாள் முதல்

பனமரத்துப்பட்டியில், விடியுமுன் அரளி மொட்டுப் பறித்துச் சேலம் பூ மார்க்கெட்டுக்கு அனுப்பி ஜீவனம் செய்யும் ஒரு குடும்பத்துக்கு, பிறந்தகம் போன மருமகள் அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் மனுக் கொடுத்துவிட்டாள் என்ற செய்தி எட்டினால், வீட்டைப் பூட்டிக்கொண்டு உறவினர் ஊருக்குப் போய்விடுவதே விவேகம் என்று அக்கம்பக்கத்தார் புத்தி சொல்வார்கள். அந்தப் புத்தியைக் கேளாதிருப்பதுதான் முதற்படி. ஜாமீன் மனுவை விசாரிக்கும் நீதிபதி, கணவன் குற்றவாளியா என்று அப்போது தீர்மானிப்பதில்லை. கூப்பிட்டால் வருவானா, சாட்சிகளைக் கலைப்பானா, மனைவியை மிரட்டுவானா என்பவற்றையே பிரதானமாக ஆராய்கிறார்.

அடுத்து, மனு சி.எஸ்.ஆர். ரசீதோடு நிற்கிறதா, எஃப்.ஐ.ஆர். ஆகிவிட்டதா, ஆகியிருந்தால் எந்தெந்தப் பிரிவுகள் என்று வக்கீல் மூலம் அறிய வேண்டும். கணவனோ அவன் உறவினரோ இழைக்கும் கொடுமைக்கான பழைய 498-ஏ பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவாயிற்று. அதில் ஸ்டேஷன் ஜாமீன் உரிமையாகக் கிடைக்காது, ஆனால் அதிகபட்சத் தண்டனை மூன்றாண்டுதான். வரதட்சிணை மரணம் வேறு ஜாதி வழக்கு. இங்கே சொல்பவை அதற்குப் பொருந்தா.

இவ்விஷயத்தில் அர்னேஷ்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 ஜூலை 2 அன்று அளித்த தீர்ப்பே ஆதாரம். 2012இல் 498-ஏ பிரிவின்கீழ் நாட்டில் கைதான 1,97,762 பேரில் 47,951 பேர் பெண்கள் என்ற கணக்கை எடுத்துக்காட்டிய அத்தீர்ப்பு, ஏழாண்டு வரை தண்டனைக்குரிய குற்றங்களில் கைது ஏன் அவசியம் என்று போலீசார் எழுத்தில் காரணம் காட்ட வேண்டுமென்றும், அதைப் படித்துத் திருப்தியடையாமல் மாஜிஸ்திரேட் ரிமாண்ட் செய்யலாகாதென்றும், கைது வேண்டாமெனில் வழக்குப் பதிவான இரண்டு வாரத்துக்குள் ஆஜராகும்படி நோட்டீஸ் தர வேண்டுமென்றும் விதித்தது. ஆகவே பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் (பி.என்.எஸ்.எஸ்.) 35(3)ஆம் பிரிவின்கீழ் நோட்டீஸ் வந்தால், குறித்த நாளில் போய், எழுத்து மூலம் பதில் கொடுத்து, அதன் நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தவறாமல் ஆஜராகிறவரைத் தனியே காரணம் எழுதாமல் கைது செய்ய இயலாது. சீர்வரிசைப் பாத்திரம், பீரோ, நகை ஆகியவற்றின் பட்டியலையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள். திருப்பித் தரத் தயார் என்று எழுதிக் கொடுப்பது, என் அபிப்பிராயத்தில், பத்துப் பக்க வாதத்தைவிடப் பலமானது. செல்போனிலுள்ள செய்திகளை அழிக்காதீர்கள். சமாதானம் பேச மாமனார் வீட்டுக்கு ஆளனுப்பவும் வேண்டாம், அது மிரட்டல் என்று மறுநாளே இன்னொரு மனுவாகிவிடக்கூடும்.

(அறுபது வயதைக் கடந்த மாமியாரை டி.எஸ்.பி. அனுமதியின்றிக் கைது செய்ய முடியாது என்று சிலர் உறுதி கூறுவர். அந்தச் சலுகை மூன்றாண்டுக்குக் குறைந்த தண்டனைக்கானது. மூன்றாண்டு வரை தண்டனையுள்ள 85ஆம் பிரிவில் அதை நம்பி இருந்துவிடக் கூடாது.)

கைது பயம் நியாயமானதாயின், பி.என்.எஸ்.எஸ். 482ஆம் பிரிவின்கீழ் முன்ஜாமீன் கோரிச் சேலம் அமர்வு நீதிமன்றத்தையோ சென்னை உயர் நீதிமன்றத்தையோ நாடலாம். முன்னதிலிருந்து தொடங்குவதே வழக்கம். மனுத் தாக்கல் செய்தது மட்டும் கைதைத் தடுக்காது. இடைக்காலப் பாதுகாப்பு வேண்டுமென்றால் அதைத் தனியே கேட்க வேண்டும்.

ஜாமீன் கிடைத்த பின்பு ஜாமீன்தாரர் விஷயம். சொத்து வரி ரசீது, ஆதார், ரேஷன் அட்டை முதலியவற்றோடு வருபவர் சொந்தக்காரராகவோ பங்காளியாகவோ இருக்கட்டும். கோர்ட் வாசலில் காசுக்கு நிற்கும் ஆள் வேண்டாம், ஏனெனில் ஏற்கெனவே எத்தனை பேருக்கு ஜாமீன் நின்றார் என்பதைச் சட்டப்படி ஒவ்வொருவரும் தெரிவிக்க வேண்டும்.

நிபந்தனைகளில்தான் பெரும்பாலோர் சிக்குகிறார்கள். தினமும் காலை 10.30க்குக் கையெழுத்து என்றால், மொட்டுப் பறித்து மார்க்கெட்டுக்குப் போய்த் திரும்புகிறவன் ஒரு நாள் தவறினாலும் ஜாமீன் ரத்தாகும் அபாயமுண்டு. ஆதலால் தொழிலின் நேரத்தை முன்கூட்டியே வக்கீலிடம் சொல்லி வேறு நேரம் கேட்பது நல்லது. மனைவிக்கு ஜீவனாம்சம் கட்டினால்தான் முன்ஜாமீன் என்ற நிபந்தனை செல்லாது என்று முனிஷ் பாசின் வழக்கில் 2009இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஜீவனாம்சக் கடமை அதனால் நீங்கிவிடுவதில்லை. அதற்குரிய மன்று வேறு.

மனுக் கொடுத்த பெண்ணும் ஜாமீன் விசாரணையில் வாய் திறக்க உரிமையுள்ளவளே. 2022இல் லக்கிம்பூர் கேரி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை வலியுறுத்தியது. ஜாமீனில் வந்தவன் மிரட்டினால், தேதியும் சாட்சியும் குறித்து ரத்து கோரலாம். வருமானம் எவ்வளவாயினும் பெண்ணுக்கு இலவச வக்கீல் உண்டு, காவலில் இருப்பவருக்கும் உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம், அல்லது 15100 என்ற எண்ணுக்குப் பேசலாம்.