கௌடா பாற்கட்டியும் அது தோன்றிய நிலமும்

ஒல்லாந்து தேசத்தில் கௌடா என்னும் பட்டினம் உண்டு. பல நாடுகளில் விரும்பி உண்ணப்படும் மென்சுவையுள்ள பசுப்பாற்கட்டியொன்று அதன் பெயரைப் பெற்றுள்ளது. அங்கே சந்தைப்படுத்தப்பட்டமையாலேயே அப்பெயர் வழங்கலாயிற்று. அதனைச் செய்தவர்கள் சுற்றுக் கிராமங்களின் கமக்காரக் குடும்பத்தினர், சிறப்பாகப் பெண்கள்.

நிலம் மாறிய விதம்

அப்பிரதேசத்து மண், சதுப்பிற் புல்பூண்டுகள் மக்கி உண்டானது. மத்திய காலத்தில் மக்கள் வாய்க்கால் வெட்டி நீரை வடித்துத் தானியம் விளைவித்தனர். நீர் வடிந்ததும் மண் சுருங்கிற்று, காற்றுப்பட்டதும் சிதைந்தது. இதனால் வயல்கள் படிப்படியாகத் தாழ்ந்து, ஈரம் மிகுந்து, தானியத்துக்கு ஒவ்வாதனவாயின. ஆயினும் புல் செழித்து வளர்ந்தது. ஆகவே கமக்காரர் பசு வளர்ப்பை மேற்கொண்டனர். பால் விரைவிற் கெடும். பாற்கட்டியோ மாதக்கணக்கில் இருக்கும். தூரத்துச் சந்தைக்கும் அனுப்பலாம்.

செய்முறை

1. பாலை ஏறத்தாழ 30 பாகை சதமவளவைக்குச் சூடாக்கி, உறையும், கன்றின் இரைப்பையிலிருந்து பெறும் நொதியமும் சேர்ப்பர். ஏறக்குறைய அரைமணி நேரத்திற் பால் திரளும்.

2. திரளையைச் சிறு துண்டுகளாக வெட்டி, பிரியும் நீரில் ஒரு பகுதியை அகற்றி, வெந்நீர் வார்ப்பர். இது பாலிலுள்ள வெல்லத்தில் ஒரு பகுதியை நீக்குவதால் புளிப்புக் குறையும். மென்சுவைக்குக் காரணம் இதுவே.

3. வட்ட அச்சுகளில் இட்டு அழுத்தி, உப்புநீரில் ஊறவைத்து, பலகைகளில் அடுக்கிப் பழுக்க விடுவர். இளங்கட்டிக்கு 4 வாரம் போதும். முதிர்ந்ததற்கு ஓராண்டளவும் செல்லும்.

ஒரு கிலோகிராம் பாற்கட்டிக்கு ஏறத்தாழ 10 இலீற்றர் பால் வேண்டும்.

நிறுவையும் விலையும்

1668 ஆம் ஆண்டிற் கௌடாவில் நிறுவைச்சாலை கட்டப்பட்டது. அங்கே பொதுத் தராசில் நிறை காணப்பட்டு, அதற்கேற்ப வரி அறவிடப்பட்டது. விற்போரும் வாங்குவோரும் கையோடு கைதட்டி விலை பேசுதல் அந்நாட்டுச் சந்தை வழக்கம். கௌடா என்னும் பெயரை எந்நாட்டவரும் பயன்படுத்தலாம். ஆயின் 'கௌடா ஒல்லாந்து' என்னும் பெயர் 2010 முதல் ஐரோப்பிய ஒன்றியச் சட்டத்தாற் காக்கப்படுகிறது.

கமக்காரர் கவனிக்க வேண்டியவை

மக்கிய சதுப்பு மண்ணிலிருந்து நீரை முற்றாக வடித்தால் நிலம் தாழும். தாழ்ந்த நிலம் மீண்டும் உயராது. ஒரு பயிருக்கு ஒவ்வாத நிலம் வேறொன்றுக்கு உகந்ததாகலாம். விரைவிற் கெடும் விளைபொருளைக் கெடாத பண்டமாக்கி, சரியான நிறுவையில் விற்பவருக்கே உழைப்பின் பலன் கிட்டும்.