பூச்சி மனிதர்களை எழுதும் தம்பிக்கு

அன்புத் தம்பிக்கு,

உன் மிகுபுனைவு நாவலின் முதல் பகுதியைப் படித்தேன். சுவர்க்கோழியை வைத்து நீ படைத்திருக்கும் சிலம்பர் இனத்தை எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. அதனால்தான் இவ்வளவு கறாராக எழுதுகிறேன்.

உன் சிலம்பர்கள் பேசுமுன் தொண்டையைச் செருமுகிறார்கள். களைத்தால் பெருமூச்சு விடுகிறார்கள். வெட்கப்பட்டால் முகம் சிவக்கிறார்கள். பூச்சிக்கு நுரையீரலே கிடையாது. உடலின் இருபுறமும் உள்ள துளைகளில் நுழையும் காற்று, மெல்லிய குழாய்கள் வழியே நேராகத் திசுக்களுக்குப் போய்விடும். தடித்த ஓட்டுக்கு அடியில் முகம் சிவக்கவும் வழியில்லை. உணர்கொம்பு ஒட்டிய மனிதர்களைத்தான் நீ இதுவரை எழுதியிருக்கிறாய்.

சுவர்க்கோழியையே கவனித்துப் பார். அது முன்சிறகுகளை உரசித்தான் பாடுகிறது. அதன் செவி முன்னங்காலில், முழங்காலுக்குச் சற்றுக் கீழே இருக்கிறது. நிமிர்ந்து நடக்கும் சிலம்பருக்கு முன்னங்கால் கையாகிவிட்டது என்றால், செவி முழங்கைக்குக் கீழே வந்துவிடும். அப்படியானால் ஒருவர் சொல்வதைக் கேட்பது என்பது அவரை நோக்கிக் கையை நீட்டுவது. கையைப் போர்வைக்குள் இழுத்துக்கொள்வது, ‘உன் பேச்சு எனக்கு வேண்டாம்’ என்று சொல்வது. கைதியின் முன்கைகளைத் துணியால் சுற்றிக் கட்டினால் அவனைச் செவிடாக்கியதாகும். ஒரு நாட்டின் நீதிமன்றமே இதிலிருந்து கிடைக்கிறது, பார்த்தாயா?

குளிர் கூடக் கூட சுவர்க்கோழியின் ஒலி மெதுவாகும். அந்த ஒலியை எண்ணியே வெப்பநிலையைக் கணிக்கலாம் என்று அமெரிக்க இயற்பியலாளர் ஆமோஸ் டால்பியர் 1897இல் ஒரு சூத்திரமே எழுதினார். அப்படியென்றால் மார்கழி விடியலில் உன் தூதர் ஒரு வாக்கியத்தை முடிக்கவே நெடுநேரமாகும். உடன்படிக்கைகளை நண்பகலில்தான் பேச முடியும். வடக்கே பனிமலையில் வாழும் சிலம்பரைத் தெற்கத்தியர் மந்தபுத்திக்காரர்கள் என்று இகழ்வார்கள். இந்த அநியாயத்தை நீ எழுத வேண்டும்.

இன்னொன்று. சுவர்க்கோழிகளில் பாடுவது ஆண் மட்டும்தான். இதை அப்படியே எடுத்துக்கொள்கிறாயா, மாற்றுகிறாயா? எதுவானாலும் தெரிந்தே செய். இப்போது உன் கதையில் பெண்களும் பாடுகிறார்கள், ஆனால் நீ யோசித்து எடுத்த முடிவாக அது தெரியவில்லை.

நான் உன்னை நெடுநேரம் நிறுத்திவைக்க விரும்புவது தோலுரிப்பில். பூச்சியின் மேலோடு வளராது. உள்ளே உடல் பெருத்ததும் பழைய ஓடு வெடித்து, வெளிறிய, மெத்தென்ற உடலோடு அது வெளியே வரும். புது ஓடு இறுகும்வரை கடிக்கவோ ஓடவோ வலுவிருக்காது; எறும்புகூட அதைத் தின்றுவிடலாம். முழுச் சிறகு கடைசி உரிப்பில்தான் வரும். அப்படியானால் சிலம்பரின் குழந்தைகளுக்குக் குரலே இல்லை. ஒரு பிள்ளை முதன்முதலில் என்ன சொல்லப்போகிறது என்று தாய் ஆண்டுக்கணக்கில் காத்திருப்பாள். உரிக்கும் இரவில் காவல் நிற்பவர் யார்? அவருக்கும் அந்தப் பிள்ளைக்கும் இடையே உருவாகும் உறவு ரத்த உறவைவிடப் பெரிதா? உரிக்கும் வீட்டைத் தாக்கக் கூடாது என்பது போர் அறமா? கரப்பான், குச்சிப்பூச்சி போன்றவற்றில் சிறுவயதில் இழந்த கால், அடுத்தடுத்த உரிப்புகளில் மீண்டும் முளைக்கும். கடைசி உரிப்பு முடிந்தபின் இழந்தால் இழந்ததுதான். பதினாறு வயதில் கையிழந்தவனும் இருபதில் இழந்தவனும் ஒரே திண்ணையில் உட்கார்ந்து பேசும் காட்சி ஒன்று உன்னால் எழுத முடியும். எனக்கு அதைப் படிக்க வேண்டும்.

உன் சிலம்பர்களின் ஆறடி உயரத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். குழாய்வழி மூச்சு அவ்வளவு பெரிய உடலுக்குப் போதாது. சுமார் 30 கோடி ஆண்டுகளுக்கு முன், தும்பியின் உறவான மெகாநியூரா சுமார் 65 செ.மீ. சிறகு விரித்துப் பறந்ததற்கு அன்றைய காற்றில் ஆக்சிஜன் மிகுந்திருந்ததும் ஒரு காரணம் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். உன் உலகிலும் ஆக்சிஜனைக் கூட்டலாம். கூட்டினால் ஒரு பொறிக்கே காடு பற்றும், அடுப்பெரிப்பது ஆபத்தான தொழிலாகும். வேண்டாமென்றால் அவர்களுக்கு வேறொரு மூச்சுறுப்பைக் கொடு. மிகுபுனைவில் அதற்கு இடமுண்டு.

உன் போர் அத்தியாயம்தான் என்னைத் தூங்கவிடவில்லை. நாயகன் வாள் வீசுகிறான், சிலம்பர்கள் ஆயிரக்கணக்கில் சரிகிறார்கள். அவர்களில் ஒருவருக்கும் பெயரில்லை. ராபர்ட் ஹைன்லைனின் ‘ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்’ (1959) தொடங்கி எத்தனையோ கதைகளும் திரைப்படங்களும் விளையாட்டுகளும் பூச்சி எதிரியை இப்படித்தான் வைத்திருக்கின்றன: இரக்கமில்லாமல் கொல்ல வசதியான கூட்டமாக. 1994இல் ருவாண்டாவில் ஆர்.டி.எல்.எம். வானொலி துட்சி மக்களைக் கரப்பான்பூச்சிகள் என்று ஓயாமல் சொல்லிக்கொண்டிருந்தது. அண்டை வீட்டார் அரிவாளோடு வந்தார்கள், லட்சக்கணக்கானோர் மாண்டார்கள். உன் மனதில் அப்படி எதுவும் இல்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் பூச்சிகளை மனிதர்களாக எழுதத் துணிந்தவன், மனிதர்களைப் பூச்சிகளாக்கும் அந்தப் பழக்கத்துக்கு ஒரு வரிகூடத் துணைபோகக் கூடாது.

வரைபடம், அரச வம்சாவளி, எழுத்துருக்கள் எல்லாம் இப்போதைக்கு இருக்கட்டும். போர் அத்தியாயத்தை மட்டும் திரும்ப எழுது. நாயகன் கண்ணால் வேண்டாம். உரிக்கும் தம்பிக்குக் காவலாக அந்த ஊரில் தங்கிவிட்ட ஒருத்தியின் கண்ணால் எழுது. அவள் கை எந்தப் பக்கம் நீண்டிருக்கிறது என்பதை முதல் பத்தியிலேயே சொல்லிவிடு. முடித்ததும் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
உன் அண்ணன்