சுவான்சௌ நகரும் சமமாய் வார்த்த தேநீரும்



சுத்தங்களிலிருந்து ஒரு பகுதியை எடுத்து விளக்குவதே பாடப் பக்கத்தின் வழக்கம். இம்முறை யாம் எடுத்துக்கொண்ட பாடம் ஏட்டில் இல்லை. ஒரு தேநீர்த் தட்டில் இருக்கிறது. சீன நாட்டின் தென்கீழ்க் கரையில், பூஜியன் மாகாணத்தில், சுவான்சௌ என்றொரு துறைமுக நகர் உண்டு. யாத்திரைக் குழு ஒன்றுடன் அங்குச் சென்ற யாம், அந்நகரின் பழைய வீதிகளை ஒரு பகல் முழுதும் கால்நடையாகவே சுற்றி, மாலையில் அவ்வூர் முறைப்படி தேநீர் அருந்தினோம். கண்டவற்றை முறையே கூறி, அவற்றினின்றும் நாம் கொள்ளத்தக்கது யாது என்பதை இறுதியில் ஆராய்வோம்.

நகரின் பெயரும் பழமையும்

கி.பி. பத்தாம் நூற்றாண்டில் இந்நகரின் மதிலைச் சுற்றி ஒருவகை மரங்களை நட்டனர். சீனர் அம்மரத்தைச் ‘சிதோங்’ என்பர். அயல்நாட்டு வணிகரின் நாவில் அப்பெயரே ‘சைத்தூன்’ என வழங்கிற்று என்பது அறிஞர் பலரின் கருத்து. மார்க்கோ போலோவும் இப்னு பதூதாவும் அப்பெயராலேயே இந்நகரைக் குறித்துள்ளனர். அம்மரம் நமக்குப் புதியதன்று. நம் ஊர் வேலியோரங்களில் முள்ளும் செம்மலருமாக நிற்கும் கல்யாண முருங்கையே அது.

சோங், யுவான் அரச மரபுகளின் காலத்தில் உலகின் பெருந்துறைமுகங்களுள் ஒன்றாக இது விளங்கிற்று. 2021ஆம் ஆண்டில் யுனெஸ்கோ நிறுவனம் இந்நகரையும் இதனைச் சார்ந்த 22 இடங்களையும் உலக மரபுச் சொத்தாக ஏற்றது. தமிழ் வணிகரும் இங்கு வாழ்ந்தனர். கி.பி. 1281ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஒன்று இங்குக் கிடைத்துள்ளது. சம்பந்தப் பெருமாள் என்பார், சீனத்தை அப்போது ஆண்ட மங்கோலிய மன்னரின் நலன் கருதிச் சிவன் கோயில் ஒன்றை நிறுவிய செய்தியை அது கூறுகின்றது.

மேற்கு வீதியும் கையுவான் விகாரையும்

எம் நடை மேற்கு வீதியில் தொடங்கிற்று. இது நகரின் மிகப் பழைய வீதிகளுள் ஒன்று. காலைப் பொழுதில் அவ்வூரார் நூலினும் மெல்லிய சேமியாவைக் கஞ்சிபோற் காய்ச்சி உண்கின்றனர். அதன் மணம் வீதியெங்கும் பரவியிருந்தது. வீதியின் வடபுறத்தே கையுவான் விகாரை நிற்கிறது. இது கி.பி. 686இல் நிறுவப்பெற்றது. தன் முசுக்கொட்டைத் தோட்டத்தை விகாரைக்குத் தர விரும்பாத செல்வர் ஒருவர், அம்மரத்தில் வெண்டாமரை பூத்தால் தருவேன் என்றாராம். பூத்தது என்பது கதை. முதுமரம் ஒன்றை இன்றும் காட்டுகின்றனர். மரத்திற் பூத்த தாமரையைக் காட்டிலும், கைவிட மனமில்லாத ஒருவர் கைவிட்டார் என்பதே நமக்கு வியப்பு.

வளாகத்தில் எண்கோண வடிவில் ஐந்தடுக்குக் கற்கோபுரங்கள் இரண்டு உள்ளன. 1228 முதல் 1250 வரை அவை கல்லால் எழுப்பப்பெற்றன. கிழக்குக் கோபுரம் ஏறத்தாழ 48 மீட்டர் உயரமுடையது. 1604இல் நேர்ந்த பெரும் பூகம்பத்திலும் இரண்டும் விழவில்லை. பெருமண்டபத்தின் பின்புறம் சென்றபோது எம் கால்கள் தாமே நின்றன. அங்குள்ள இரு கற்றூண்களில் நரசிங்கமும் கண்ணனும் செதுக்கப்பட்டிருக்கக் கண்டோம். தமிழ் வணிகர் எழுப்பிய கோயில் அழிந்த பின்னர், அதன் கற்களை மண்டபத்தைப் புதுப்பித்தபோது இங்குக் கொணர்ந்து பொருத்தினர். பிறர் சமயத்துக் கல்லென்று அதனை உடைத்தெறியாமல், தம் கூரையைத் தாங்கும் தூணாக வைத்துக்கொண்டனர்.

விகாரை வளாகத்திலேயே, இந்நகரின் கடல்முகத்தில் 1974இல் தோண்டியெடுத்த சோங் காலத்து மரக்கலம் ஒன்று வைக்கப்பட்டுள்ளது. மிளகும் நறுமணக் கட்டைகளும் அதில் இருந்தன. பொருள் ஏற்றிய கலங்களிலேயே சூத்திரங்களும் பிக்குகளும் பயணம் செய்த கடல்வழி இது.

தேநீர் சங்கத்திற்கு வந்த விதம்

இவ்விகாரை 738ஆம் ஆண்டில் அரசாணையால் கையுவான் என்னும் பெயர் பெற்றது. அது 713 முதல் 741 வரை வழங்கிய ஆட்சியாண்டுப் பெயர். அதே கையுவான் காலத்தில் வடநாட்டுத் தாய்ஷான் மலை விகாரை ஒன்றில், தியானம் பயின்ற மாணவர் உறங்காதிருக்கவும் மாலை உணவின்றி இருக்கவும் வேண்டியிருந்தமையால், அவர்க்குத் தேநீர் அனுமதிக்கப்பட்டது என்றும், அங்கிருந்து அவ்வழக்கம் நாடெங்கும் பரவிற்று என்றும் தாங் காலத்து நூல் ஒன்று கூறுகின்றது. தேயிலையைப் பற்றி முதற் பெருநூல் இயற்றிய லூ யூ என்பாரும், பெற்றோரால் கைவிடப்பட்டு, விகாரையில் பிக்கு ஒருவரால் வளர்க்கப்பட்டவரே.

போதிதருமர் உறக்கத்தை வெறுத்துத் தம் கண்ணிமைகளை அறுத்தெறிந்தார், அவை விழுந்த இடத்தில் தேயிலைச் செடி முளைத்தது என்றொரு கதையும் உண்டு. நம் நாட்டிலிருந்து சென்றவர் என்னும் பெருமையால் இதனை உண்மையெனப் பேசுவார் நம்மிடையே உளர். பலரும் கூறுகின்றனர் என்பதற்காக ஒன்றை நம்பற்க என்று காலாமருக்குப் பகவர் உரைத்ததை அவர்கள் மறந்தனர். இது கதை, கதையாகவே கொள்வோம்.

இந்நகரைச் சார்ந்த ஆன்சி வட்டாரத்து மலைகளில் விளையும் தேயிலைக்குத் ‘தியே குவான் இன்’ என்று பெயர். ‘இரும்பு அவலோகிதர்’ என்பது அதன் பொருள். நாள்தோறும் அவலோகிதர் படிமத்தின் முன் தேநீர் வைத்து வணங்கிய எளிய உழவர் ஒருவர் கனவிற் கண்டு எடுத்த செடி என்பது அவ்வூரார் சொல்லும் வரலாறுகளுள் ஒன்று. அந்த அவலோகிதரிடமே அகத்தியர் தமிழ் கேட்டார் என்று பௌத்தராகிய புத்தமித்திரர் தம் வீரசோழியத்தில் கூறியுள்ளார். கருணையின் உருவாக நம் முன்னோர் போற்றிய பெயர், அங்கு ஓர் இலையின் பெயராய் வழங்குகின்றது.

குவான் கோயில் வரையில்

விகாரையை விட்டுக் கிழக்கே நடந்தால் மணிக்கூண்டு. அங்கிருந்து தெற்கே திரும்பினால் சோங்ஷான் சாலை. இச்சாலையில் கடைகளின் மேல்மாடி நடைபாதைக்குமேல் நீண்டு, வெயிலுக்கும் மழைக்கும் வழிப்போக்கரைக் காக்கிறது. அதன்பின் கன்பூசியர் கோயில். அடுத்துத் தூமென் வீதி. அவ்வீதியில் கி.பி. 1009இல் கட்டப்பட்ட கல் மசூதியும், குவான் யூ என்னும் பழைய படைத்தலைவரின் கோயிலும் அருகருகே உள்ளன.

சமயங்கள் அருகருகே நின்றால் மட்டும் அமைதி வந்துவிடாது என்பதையும் இங்குக் கூறல் வேண்டும். 1357 முதல் 1366 வரை இந்நகரில் நடந்த கலகத்திலும் அதனை அடக்கியபோதும் அயல்நாட்டார் பலர் மாண்டனர், பெருவணிகமும் நலிந்தது. சீனரெல்லாரும் சமத்துவம் அறிந்தவர் என்று புகழ யாம் இதனை எழுதவில்லை. எந்நாட்டிலும் மனிதர் மனிதரே.

தேநீர் வார்த்த முறை

குவான் கோயிலுக்குச் சற்றுத் தொலைவில் ஒரு சிறு தேயிலைக் கடையில் அமர்ந்தோம். கடைக்குரியவர் ஒரு மூதாட்டியார். இவ்வாறு தேநீர் அளிப்பதைக் ‘கோங்ஃபூ’ முறை என்பர். பலரும் கருதுவதுபோல் அச்சொல் சண்டைக் கலையை மட்டும் குறிப்பதன்று; காலமும் உழைப்பும் இட்டுப் பெற்ற திறம் என்பதே அதன் பொருள். இருபது ஆண்டுகள் நூற்பாலையில் நின்று, அறுந்த இழையை ஓடும் பொறியில் விரல் நுனியால் ஒட்டிய எமக்கு அச்சொல் எளிதில் விளங்கிற்று.

அம்மையார் முதலில் மூடியுள்ள சிறு கிண்ணத்தையும், எலுமிச்சம்பழ அளவேயான குடிகிண்ணங்களையும் கொதிநீரால் கழுவினார். ஏழெட்டு கிராம் இலையை இட்டார். இலைகள் உருண்டு இறுகி மிளகு போல் இருந்தன. வாட்டி, குலுக்கி, வறுத்து, துணியிற் பொதிந்து பன்முறை உருட்டி உலர்த்துவதால் அவ்வடிவு வருகிறதாம். முதல் நீரை ஊற்றி உடனே கொட்டிவிட்டார். இரண்டாம் நீரையே அருந்தத் தந்தார்.

அன்பர்களே, இனி வருவதே பாடம். கிண்ணத்திலிருந்து முதலில் வடியும் தேநீர் வெளிறியது. கடைசியில் வடிவது கடுமையானது. முதற் குடிகிண்ணத்தை நிரப்பிவிட்டு அடுத்ததை நிரப்பினால், முதல்வருக்கு வெந்நீரும் கடைசி விருந்தினருக்குக் கைப்பும் கிட்டும். வார்ப்பவர் மனத்தில் ஓரவஞ்சனை இல்லாவிடினும் விளைவு ஓரவஞ்சனையே. ஆகவே அம்மையார் கிண்ணங்களை ஒன்றையொன்று தொடுமாறு நெருக்கி வைத்து, அவற்றின்மேல் நிற்காமல் சுற்றிச் சுற்றி வார்த்தார். ‘குவான் தலைவர் நகரைச் சுற்றி வருகிறார்’ என்பது இதற்குப் பெயர். இறுதிச் சொட்டுகளே சாரம் மிக்கவை. அவற்றைக் கிண்ணத்திற்கு ஒன்றாக எண்ணி எண்ணி விட்டார். ‘ஹான் சின் படைவீரரை எண்ணுகிறார்’ என்பது அதற்குப் பெயர். இப்போது பல கடைகளில் தேநீர் முழுவதையும் ஒரு பொதுக் கலத்தில் வடித்துப் பின் பகிர்கின்றனர். அக்கலத்தின் பெயரே ‘நியாயக் கிண்ணம்’. எக்கிண்ணத்தையும் விளிம்புவரை நிரப்புவதில்லை. பத்தில் ஏழு பங்கே. மிகுத்து ஊற்றினால் விருந்தினர் விரல் சுடும்.

அவ்வேளையில் கடைக்குத் தண்ணீர்க் கலம் சுமந்து வந்த கூலியாள் ஒருவர், வியர்வையைத் துடைத்துக்கொண்டு எம் மேசையிலேயே அமர்ந்தார். அம்மையார் யாதும் கேட்கவில்லை. எம்முள் ஒருவர் குடித்து வைத்த கிண்ணத்தை இடுக்கியால் எடுத்து, கொதிநீரிற் புரட்டி, மற்றவற்றோடு நெருக்கி வைத்து, முன்போலவே சுற்றி வார்த்தார். அந்த உழைப்பாளர் நன்றிக்கு அடையாளமாக மேசையை இரு விரலால் தட்டிவிட்டு மும்முறை உறிஞ்சிக் குடித்தார், எழுந்து சென்றார். அவர் குடித்த கிண்ணம் மீண்டும் கழுவப்பட்டு எமக்கு வந்தது.

எம் கண்கள் கலங்கின. உடன் வந்த இளைஞர், “ஐயா, சூடு பட்டதா?” என்று வினவினார். ஆம், சூடு பட்டதுதான். ஆனால் அன்று பட்டதன்று. எம் சிறுவயதில், எம் ஊர்த் தேநீர்க் கடையின் பந்தற்காலில் எம்மவர்க்கென்று ஓர் ஈயத் தம்ளர் ஆணியில் தொங்கியது. அதனை யாமே எடுத்து, யாமே கழுவி, எட்ட நின்று ஏந்தி, மீண்டும் யாமே மாட்டிவிட்டு வரவேண்டும். தீண்டாமையை ஒழித்த அரசியல் சட்டம் 1950இல் நடைமுறைக்கு வந்தது. அந்தத் தம்ளரோ எம் மீசை அரும்பிய காலத்திலும் அந்த ஆணியிலேயே தொங்கிற்று. கிண்ணத்தில் தீட்டு இல்லை, கொதிநீர் போதும் என்பதை ஐம்பது வயதுக்குமேல் அயல்நாட்டு மேசை ஒன்றில் கண்ணாற் கண்டோம்.

கொள்ளத்தக்கது

அம்மையார் சமத்துவம் பற்றி ஒரு சொல்லும் பேசவில்லை. அவர் கை அதனைச் செய்தது. நல்ல மனம் மட்டும் இருந்து கை சுற்றாமல் நின்றிருந்தால், சமம் உண்டாகியிராது. சமநிலை தானே வந்து வாய்ப்பதன்று. ஒவ்வொரு முறையும் கவனத்தோடு செய்யப்படுவது. கவனமே சதி எனப்படும் நற்கடைப்பிடி. பாத்திரத்தில் விழுந்த பிச்சையையும் உடன்வாழ்வாரோடு பகிர்ந்தே உண்ண வேண்டும் என்பதைச் சங்கத்தாரை இணைக்கும் ஆறு பண்புகளுள் ஒன்றாகப் பகவர் வைத்தமையும் இதனாலேயே.

பிறர் நமக்குத் தனித் தம்ளர் வைத்ததைப் பேசுவது எளிது, பேசவும் வேண்டும். ஆனால் நம் விகாரைகளில் வந்தனை முடிந்தபின் நடப்பதைச் சற்று உற்று நோக்குவோம். நன்கொடை அளித்தவர்க்கு முதலில், நல்ல கோப்பையில். கூடத்தைப் பெருக்கும் அம்மையார்க்குக் கடைசியில், ஆறியது, காகிதக் கோப்பையில். நம்முள்ளேயே எந்தப் பிரிவு, எந்தத் தெரு என்று மெல்லக் கேட்டறிந்தபின் அருகே அமர்வோரும் உளர். திரிசரணம் ஓதிய வாயால் இதனைக் கேட்கலாமோ? ஆணியைப் பிடுங்கி எறிந்தவர் நாம்; அதனை நம் விகாரைச் சுவரில் மீண்டும் அறையலாமோ?

ஆதலின் வரும் பௌர்ணமி முதல் நான்கு பயிற்சிகளை மேற்கொள்வோமாக.

1. விகாரையில் எல்லார்க்கும் ஒரே வகைக் கோப்பை. கொதிநீரிற் கழுவி அனைவரும் மாற்றி மாற்றிப் பயன்படுத்துக.

2. தேநீர் வார்க்கும் பணி வாரந்தோறும் மாறுக. தலைவரும் ஒரு வாரம் வார்க்க வேண்டும்.

3. வார்ப்பவர் தம் கோப்பையை இறுதியில் எடுத்துக்கொள்க. அளவு குறைந்தால் அக்குறை தம்முடையதாகுக.

4. புதிதாய் வந்தவரிடம் பெயரும் நலமும் மட்டுமே கேட்கப்படுக.

சிறு செயல்களே என்று எண்ணற்க. நம்மை இழிவு செய்ததும் ஒரு சிறு தம்ளரே அன்றோ? சிறு கிண்ணத்தில் கெட்டதைச் சிறு கிண்ணத்திலேயே சீர்செய்வோம்.

எல்லா உயிர்களும் நலமுறுக!