கொழுக்கட்டைப் புல்லும் நம் கொறங்காடும்

காங்கேயம், தாராபுரம், மூலனூர்ப் பகுதி அங்கத்தினர்களுக்குக் கொறங்காட்டைப் பற்றி எடுத்துரைப்பது கொல்லன் தெருவில் ஊசி விற்பதை ஒக்கும். ஆயினும் கண்ணுக்குப் பழகிய பொருளின் இயல்பை நாம் ஆராய்வதில்லை. அவ்வாறு ஆராயாமையால் நானே செய்த பிழையொன்றை முதலில் கூறிவிடுகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன் அங்கத்தினர் ஒருவர் ஆடு வாங்கக் கடன் கோரினார். அவருடைய நான்கு ஏக்கர் கொறங்காட்டில் இருபது ஆடுகள் மேய்ந்துகொண்டிருந்தன. மேலும் இருபது வாங்க விரும்பினார். பத்திரத்தைப் பார்த்தேன், ஆடுகளைப் பார்த்தேன், புல்லைப் பார்த்தேனில்லை. கடனுக்குப் பரிந்துரை செய்தேன். ஐப்பசி மழை பொய்த்தது. தை பிறக்குமுன் புல் தரையோடு தரையாயிற்று. ஆடுகளை நட்டத்திற்கு விற்றார். மறு ஆண்டு நல்ல மழை பெய்தும் காடு பசுமை கொள்ளவில்லை. அவர் வீட்டாரின் நெசவுக் கூலியிலிருந்தே தவணை கட்ட நேர்ந்தது. மழை வந்தும் புல் ஏன் வரவில்லை?

புல்லின் இயல்பு

கொழுக்கட்டைப் புல்லைத் தாவர நூலார் செங்க்ரஸ் சிலியாரிஸ் என்பர். ஆப்பிரிக்கா, அரேபியா, இந்தியா ஆகிய நாடுகளின் வறண்ட நிலங்களே இதன் தாயகம். ஒரு பருவத்தில் முளைத்து மடியும் புல்லன்று. தூர் கட்டிப் பல்லாண்டு வாழ்வது. வேர்கள் ஆழமாக இறங்கி அடிமண்ணின் ஈரத்தையும் தேடிப் பெறும். கோடையில் தாள் உலர்ந்தாலும் தூர் உயிரோடிருக்கும். மழை விழுந்ததும் தரையை ஒட்டிய முகைகளிலிருந்து புதுத் தளிர் கிளம்பும்.

அத்தளிருக்கு முதல் உணவு எங்கிருந்து வருகிறது? முன் பருவத்தில் இலைகள் ஆக்கி, தண்டின் அடியிலும் வேரிலும் சேர்த்து வைத்த மாவுப்பொருளே அது. சங்கத்தின் சேமநிதி போன்றது. தளிர் விடுந்தோறும் ஆடு ஒட்டக் கறித்தால் நிதி கரையுமேயன்றிச் சேராது. இறுதியில் தூர் மடியும், வேர் சுருங்கும். அதன்பின் பெய்யும் மழை சரளை மண்மீது வழிந்தோடுவதே மிச்சம். அந்த அங்கத்தினரின் காட்டில் நிகழ்ந்தது இதுவே. வறட்சி தொடங்கிவைத்தது, மிகை மேய்ச்சல் முடித்துவைத்தது.

வேலியும் மரமும்

மேற்குத் தொடர்ச்சி மலையின் மழை மறைவில் அமைந்த நம் நிலம் பெரிதும் வடகிழக்குப் பருவமழையை நம்பியது. அதற்கேற்ப முன்னோர் அமைத்த ஏற்பாடே கொறங்காடு: அடியில் கொழுக்கட்டைப் புல், இடையிடையே வெள்வேல மரம், சுற்றிலும் கிளுவை வேலி. வெள்வேலின் நிழல் மெல்லியது, புல்லைக் கெடுக்காது. புல் காய்ந்த கோடையில் அதன் நெற்றுகள் உதிர்ந்து கால்நடைக்குத் தீனியாகும். கிளுவை, போத்து நட்டால் தழைக்கும் முள்வேலி. காட்டைப் பகுதி பகுதியாகப் பிரித்து, ஒன்றில் மேய்த்து மற்றொன்றுக்கு ஓய்வளிக்க அவ்வேலியே வழி செய்கிறது. வேலி அழிந்தால் ஓய்வு அழியும். ஓய்வு அழிந்தால் புல் அழியும்.

இதே புல்லை 1940-களில் அமெரிக்காவில் மேய்ச்சலுக்கென்று பரப்பினர். அரிசோனாவின் பாலைநிலத்தில் அது கட்டுக்கடங்காது பெருகி, காய்ந்தபின் தீக்கு இரையாகி, தீயறியாத கள்ளி மரங்களையும் எரித்து, இன்று களையென ஒழிக்கப்படுகிறது. ஆகவே புல்லின் நன்மை தீமை அது நிற்கும் இடத்தையும் நம் ஆட்சியையும் பொறுத்ததாகும்.

செய்யத்தக்கவை

முதல் மழைக்குப் பின் புல் முழங்கால் உயரம் வளருமுன் ஆடு விடற்க. மேய்ந்தபின் அரைச் சாண் தாளாவது நிற்க வேண்டும். அதற்குக் குறையின் ஆட்டை அடுத்த பகுதிக்கு மாற்றுக. ஆண்டுதோறும் ஒரு பகுதியையேனும் விதை முற்றும்வரை மூடி வைக்க. புதிய விதை எளிதில் முளையாது. சில மாதம் வைத்திருந்து, மழைக்கு முன் மேலாகத் தூவி மெல்லிய மண் மூடுக. அவசரமாயின் மழை நாளில் வேர்விட்ட தூர்களைப் பிரித்து, 50 செ.மீ. இடைவெளி வரிசைகளில் 30 செ.மீ.க்கு ஒன்றாக நடுக.

காட்டை ஆண்டுக் குத்தகைக்கு விடுவோர், எத்தனை ஆடு, எந்த மாதம் ஓய்வு என்பதையும் ஒப்பந்தத்தில் எழுதுவாராக. ஓராண்டுக் குத்தகைதாரர்க்கு மறு ஆண்டுப் புல்லைப் பற்றிய கவலை இராது.

கூட்டத்தில் விவாதிக்க

1. ஆட்டுக் கடன் மனுவில் புல்லின் நிலையையும் குறிக்க ஓர் இடம் வேண்டுமா?

2. மழை பொய்த்த ஆண்டில், புல் தீருமுன் ஆடுகளில் ஒரு பகுதியைச் சேர்ந்து விற்க ஏற்பாடு செய்ய இயலுமா?

நான் இப்பொழுது ஆட்டுக் கடன் மனுவோடு காட்டுக்குச் சென்றால் முதலில் குனிந்து தூரைப் பார்க்கிறேன். ஆட்டை எண்ணுவது அதன் பிறகுதான்.