ஆசிரியரின் முறையீடும் நிருவாகத்தின் கடமையும்

இராயபுரம் முதல் எண்ணூர் வரை நீளும் துறைமுக, ஆலைப் பகுதியில் தொழிலாளர் சட்டம் வீட்டுப் பேச்சாகவே வழங்கி வருவதாகும். இதனையடுத்த பெரம்பூரின் பின்னி ஆலைத் தொழிலாளரை ஒன்றுதிரட்டியே 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றிற்று. அதன் தலைவர் பி. பி. வாடியா மீது ஆலையார் உயர்நீதிமன்றத்தில் தொடுத்த வழக்கு, 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டம் பிறந்ததற்கான காரணங்களுள் ஒன்று. இம்மரபின் பயனாக, ஆலையில் கணவர் வேலை இழந்தால் எவ்வலுவலகம் செல்லவேண்டும் என்பதைத் தெருவே சொல்லும். பள்ளியில் ஆசிரியையாக உள்ள மனைவி வேலை இழந்தால் எங்குச் செல்வது? படித்தவரும் விடையின்றி நிற்பர்.

இந்நிலைக்குக் காரணம் கோவாவில் எழுந்த ஒரு வழக்கு. கரன்சாலேமில் கன்னியர் சபையொன்று நடத்திய பள்ளியின் ஆசிரியை 1975இல் நீக்கப்பட்டார். தொழில் தகராறுச் சட்டத்தின்கீழ் அவர் நீதி கோரினார். 1978ஆம் ஆண்டுப் பெங்களூர்க் குடிநீர் வாரிய வழக்கில் கல்வி நிறுவனமும் ‘தொழில்’ என்றே கொள்ளப்பட்டிருந்தது. எனினும் 1988இல் சுந்தராம்பாள் வழக்கென வழங்கும் தீர்ப்பில், ஆசிரியர் ‘தொழிலாளர்’ ஆகார் என உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. கற்பித்தல் உயர்ந்த அறப்பணி என்பது அதற்குச் சொல்லப்பட்ட காரணங்களுள் ஒன்று. புகழ்ச்சியே வாயிலை அடைத்தது எனலாம்! அதே பள்ளியின் எழுத்தருக்கு அவ்வாயில் திறந்திருந்தது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு, முழுதும் அல்லது பெரும்பாலும் அறப்பணியில் ஈடுபட்ட அமைப்புகளின் நிறுவனங்களை விலக்கியிருப்பதால், எழுத்தர் நிலையும் இனி ஆராயத்தக்கதே.

ஆதலின் ஆசிரியருக்குரிய வழி கல்வித்துறைச் சட்டமே. தமிழ்நாட்டில் 1973ஆம் ஆண்டுத் தனியார் பள்ளிகள் சட்டம் நெடுங்காலம் இதற்கு அடிப்படையாயிருந்தது. தற்காலிகப் பணிநீக்கம் இரண்டு திங்களுக்கு மேற்படலாகாது. அதிகாரி இசைந்தால் மேலும் இரண்டு திங்கள் என அது வரையறுத்தது. 2018ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட புதிய சட்டம் 2023 முதல் அதன் இடத்தைப் பெற்றுள்ளது. முறையீட்டைத் தாளாளருக்கு எழுதி, பெற்றுக்கொண்டதற்கான கையொப்பம் வாங்கி, பின்னரே மாவட்டக் கல்வி அலுவலரை அணுகுவது நன்று. பணியாணை, ஊதியச் சான்று ஆகியவற்றின் படிகள் கையில் இல்லாதவர் வழக்கு பாதி தோற்றதே. மொட்டைக் கடிதம் எழுதுவோர் தமக்கே தீங்கு செய்துகொள்கின்றனர். பாலியல் தொல்லை பற்றிய புகாருக்கு வழி வேறு. பத்துப் பேர் பணிபுரியும் இடத்தில் உட்குழு அமைத்தல் 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி கட்டாயம்; மூன்று திங்களுக்குள் எழுத்தில் தரவேண்டும்.

இனி நம்மனோர் நிருவாகங்கள் பற்றி ஒரு சொல். அரசியலமைப்பின் 30ஆம் பிரிவு சிறுபான்மையினர்க்கு நிருவாக உரிமை தந்துள்ளது. அது கவசந்தான், ஆயின் ஆசிரியருக்கு எதிராக ஏந்தும் வாளன்று. சீர்கேடாக நிருவகிக்கும் உரிமை அதில் அடங்காது என 1958இலேயே கேரளக் கல்வி மசோதா பற்றிய கருத்துரையில் உச்சநீதிமன்றம் கூறிற்று. 1986இல் தில்லி ஃபிராங்க் அந்தோணி பள்ளி வழக்கில், உதவிபெறாச் சிறுபான்மைப் பள்ளி ஆசிரியருக்கும் ஊதியம் முதலிய பாதுகாப்பு உண்டென்று தீர்ப்பளித்தது. பணிநீக்கத்துக்கு முன்னனுமதி பெறும் விதியிலிருந்து மட்டுமே அப்பள்ளிகளுக்கு விலக்களித்தது. முன்னனுமதி வேண்டாம் என்பதை விசாரணையே வேண்டாம் எனச் சிலர் பொருள் கொள்கின்றனர். அது பெரும்பிழை. குற்றச்சாட்டுகளைத் தனித்தனியே எழுதித் தருதல், விளக்கத்திற்குக் காலம் விடுதல், சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய இடமளித்தல், குற்றம் சாட்டியவரே தீர்ப்பாளராகாமை ஆகியன எந்தப் பள்ளிக்கும் பொது. ‘முறையீடு’ என்னும் நம் சொல்லிலேயே ‘முறை’ அமர்ந்திருப்பதைத் தமிழ் மாணவர் கவனிப்பாராக.

விசாரணையில் குறை நேர்ந்தால் உயர்நீதிமன்றத்தில் நீதிப்பேராணை கோரலாமே எனில், உதவிபெறாப் பள்ளிகளைப் பொறுத்து அவ்வழி குறுகிவிட்டது. பொதுக்கடமை சாராத தனிப் பணித் தகராறுக்கு அது கிட்டாதென 2022இல் செயின்ட் மேரி கல்விச் சங்க வழக்கில் தீர்ப்பாயிற்று. மாவட்டந்தோறும் கல்வித் தீர்ப்பாயம் அமைக்கலாம் என 2002இலேயே டி. எம். ஏ. பை வழக்கில் பதினொரு நீதிபதிகள் சொன்ன யோசனையின் அருமை இப்போது விளங்கும்.

பணிக்கொடையில் மட்டும் நற்செய்தி உண்டு. 1997 ஏப்ரல் 3 முதல் ஆசிரியரும் அதற்கு உரியர் எனும் 2009ஆம் ஆண்டுத் திருத்தத்தை 2022இல் உச்சநீதிமன்றம் உறுதிசெய்தது.